துச்சாதனன் கொளுத்திய சூடம்

(பாலக்கோடு பக்கம் ஒரு கிராமத்து நூலகத்தில் பேசியது)

எல்லோருக்கும் வணக்கம். போன மாதம் எங்கள் தெருவில் பிள்ளைகள் திருடன் போலீஸ் விளையாடிக்கொண்டிருந்தார்கள். இருப்பதிலேயே கறுப்பாக இருந்த பையனைப் பிடித்து, "நீதான்டா வில்லன்" என்று தள்ளிவிட்டார்கள். அவனும் மறுபேச்சுப் பேசாமல் துண்டை முண்டாசாகக் கட்டிக்கொண்டு கண்ணை உருட்ட ஆரம்பித்துவிட்டான். எனக்கு மனசே சரியில்லாமல் போய்விட்டது.

யார் சொல்லிக்கொடுத்தது இதை? சினிமாதான். கறுத்த தோல், தடித்த மீசை, மடித்துக் கட்டிய லுங்கி, கன்னத்தில் ஒரு வெட்டுத் தழும்பு, இது போதும், ஆள் வாயைத் திறப்பதற்கு முன்னாடியே கெட்டவன். இந்த ஜாடை யாருடையது? மாங்காய் மண்டியில் மூட்டை தூக்குகிற நம் சித்தப்பாவின் ஜாடை. அப்பாவி என்றால் வெள்ளை வெளேரென்று ஒரு பெண், ஏமாறுவதைத் தவிர அவளுக்கு ஒன்றும் தெரியாது.

நம் கூத்தில் அப்படி இல்லை. பதினெட்டு நாள் பாரதம் நடக்கும்போது சின்ன வயசில் நான் வேஷம் கட்டுகிற இடத்திலேயே கிடப்பேன். பகலில் ஏர் ஓட்டிய மனுஷர் அரிதாரம் பூசி, புஜக்கட்டையும் கிரீடமும் கட்டி, திரைக்குப் பின்னால் நின்று ஒரு சத்தம் கொடுத்தால் முன்வரிசைப் பிள்ளைகள் எழுந்து ஓடும். ஆனால் துகிலுரியும் கட்டத்தில், பாஞ்சாலியின் சேலையில் கை வைப்பதற்கு முன்னால், துச்சாதனன் ஆட்டத்தை நிறுத்திவிட்டுச் சூடம் கொளுத்தி அம்மனைக் கும்பிடுவார். "தாயே, இது வேஷம், பொறுத்துக்கோ" என்று அவர் முணுமுணுத்ததைப் பக்கத்திலிருந்து கேட்டிருக்கிறேன். பாஞ்சாலி வேஷம் கட்டியவரும் ஆண்தான், இருந்தாலும் கும்பிடுவார். அப்புறம் துரியோதனன் சாகிற படுகளத்தன்று, மண்ணில் படுத்த துரியோதனனின் தொடை பிளந்து பாஞ்சாலி கூந்தல் முடிந்ததும், அதுவரை அவனைத் திட்டிய பெண்களே ஒப்பாரி வைத்து அழுவார்கள்.

சினிமாவிலும் இது இருந்தது. 1919-இல் பிறந்த வில்லன் நடிகர் எம்.என். நம்பியார் கையைப் பிசைந்துகொண்டு வந்தால் என் பாட்டி டூரிங் கொட்டகையில் மண்ணை வாரித் தூற்றுவாள். குடிப்பழக்கம் இல்லாத, சைவம் சாப்பிடுகிற, அரை நூற்றாண்டுக்கு மேல் சபரிமலைக்கு மாலை போட்டுப் போன குருசாமி அவர். 2008-இல் இறந்தபோது பாட்டியும் வருத்தப்பட்டாள். அவருடைய மிரட்டல் நடிப்பில் இருந்தது, இன்றைக்கு அதைத் தோலில் தேடுகிறார்கள், அதுதான் எனக்கு வலிக்கிறது.

அம்மாமார்களிடம் ஒன்றே ஒன்று கேட்கிறேன். அடுத்த முறை பாரதம் போடும்போது பிள்ளைகளை நடுராத்திரியில் தூக்கத்தோடு தூக்கிக்கொண்டு வீட்டுக்குப் போய்விடாதீர்கள். விடிந்ததும் துச்சாதனன் தேங்காய் எண்ணெய் போட்டு முகத்தைத் துடைத்துவிட்டு டீக்கடை பெஞ்சில் வந்து உட்காருவார், அதுவரைக்கும் இருக்கட்டும், அவர் பக்கத்தில் உட்கார்ந்து ஒரு பன் வாங்கித் தின்னட்டும்.