விளக்குக் கட்டுகிறவருக்கு மாலை
நடுவர் அவர்களுக்கும் நம் மலேசியச் சுங்கை சிப்புட் ஊர் மக்களுக்கும் வணக்கம். பெரிய நிறுவனங்களின் துணையில்லாமல் எடுக்கும் சுயாதீனப் படத்தைத் தாங்குவது இயக்குநரா, ஒளிப்பதிவாளரா என்பது தலைப்பு. நான் ஒளிப்பதிவாளர் பக்கம்.

எதிரணி அண்ணன் என்ன கேட்டார்? "கல்யாணப் பந்தலில் விளக்குக் கட்டுகிறவருக்கா மாலை போடுகிறோம்?" என்றார். நீங்களும் கை தட்டினீர்கள். அந்தக் கைதட்டலைத் திரும்ப வாங்காமல் நான் இந்த மேடையை விட்டு இறங்கமாட்டேன்!

சுப்ரதா மித்ரா. கல்கத்தாக்காரர், ஒளிப்பதிவாளர். பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் அங்கே படம் எடுக்க வந்தபோது போய் வேலை கேட்டார். கிடைக்கவில்லை. பார்த்துக்கொண்டு நிற்க மட்டும் அனுமதி. நின்றார், எந்த விளக்கு எங்கே நிற்கிறது என்று வரைந்து வைத்தார். சினிமா கேமராவை இயக்கியே பழகாத அந்தப் பையனுக்கு 21 வயதில் இயக்குநர் சத்யஜித் ராய் 'பதேர் பாஞ்சாலி'யின் ஒளிப்பதிவைக் கொடுத்தார். பணமில்லாமல் நின்று நின்று வளர்ந்து, 1955இல் வெளிவந்த படம்.

இனிமேல்தான் விஷயமே. அடுத்த ஆண்டு அதே இருவரின் 'அபராஜிதோ'. காசியில் ஒரு வீடு, நடுவே திறந்த முற்றம். மழைக்குப் பயந்து அந்த முற்றத்தைக் கல்கத்தா ஸ்டூடியோவுக்குள் கட்டினார்கள். "வானத்து வெளிச்சத்துக்கு நிழல் கிடையாது, ஸ்டூடியோ விளக்கால் அது முடியாது" என்று மித்ரா வாதாடினார். கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா கேட்கவில்லை. இயக்குநர் ராயும் கேட்கவில்லை. அண்ணா, இயக்குநரும் கேட்கவில்லை!

வாதத்தில் தோற்றவர் என்ன செய்தார்? முற்றத்துக்கு மேலே வெள்ளைத் துணியை விரித்துக் கட்டினார். விளக்குகளைக் கீழே வைத்து அந்தத் துணியை நோக்கித் திருப்பினார். மறுபடியும் சொல்கிறேன்: நடிகர் முகத்தில் அடிக்கவில்லை, துணியில் அடித்தார்! துணியில் பட்ட வெளிச்சம் மெல்ல இறங்கியது. ஸ்டூடியோவுக்குள் காசி விடிந்தது. அண்ணன் சொன்ன அதே பந்தல், அதே விளக்கு!

இது பால்மரம், அதாவது ரப்பர் மரம், தெரிந்த ஊர். என் அம்மா விடியுமுன் நெற்றி விளக்கைக் கட்டிக்கொண்டு மரம் சீவப் போவார். வெயில் ஏறினால் பால் குறைந்துவிடும். அந்த விளக்கு மரத்துக்குத்தான் வெளிச்சம் காட்டியது, அம்மா முகத்துக்குக் காட்டவில்லை. பிறகு மரத்தில் கட்டிய மங்குகளிலிருந்து பால் எடுக்கும் நேரத்தில், இலைகளுக்குள் வடிந்து வரும் வெளிச்சத்தில் அந்த முகத்தைப் பார்க்க வேண்டும். அதை யாரும் படம் பிடிக்கவில்லை.

எங்களிடம் இருந்தது அடையாள அட்டைப் படம் ஒன்றுதான். நேருக்கு நேர் அடித்த விளக்கில் கண் கூசி, யாரோபோல் இருப்பார். கருமாதிக்கு அதைத்தான் பெரிதாக்கி மாலை போட்டோம். தோட்டத்து லயத்து வரிசை வீடுகளில் உடன் வாழ்ந்த பாட்டி ஒருவர் வந்து, வெகுநேரம் அதையே பார்த்துவிட்டு, "இது யாரப்பா?" என்று கேட்டார்.

விளக்குக் கட்டுகிறவருக்கா மாலை என்று கேட்டீர்களே அண்ணா, போடுவோம்.