சாக்ஸபோன் ஊத நினைத்தவரின் கிட்டார்

அன்பார்ந்த நேயர்களுக்கு வணக்கம். அமெரிக்க ஜாஸ் டிரம்பெட் கலைஞர் மைல்ஸ் டேவிஸின் 'கைண்ட் ஆஃப் ப்ளூ' இசைத்தட்டு 1959இல் வெளிவந்தபோது, அதை வானொலியில் கேட்டுக் கிறங்கிப்போனவர்களில் பத்தொன்பது வயது இளைஞர் ஒருவரும் இருந்தார். நியூயார்க் நகருக்கு வடக்கே, ஹட்சன் ஆற்றங்கரையில் உள்ள ஆசினிங் என்ற ஊரில் 1940இல் பிறந்த அவர் பெயர் வாரன் ஹார்டிங் ஷாராக். ஊரும் பின்னாளில் உலகமும் அவரைச் சன்னி ஷாராக் என்றே அழைத்தன. தெருமுனைகளில் நண்பர்களுடன் டூ-வாப் கூட்டுப்பாட்டுப் பாடிக்கொண்டிருந்த அவரை, அந்த இசைத்தட்டில் ஜான் கோல்ட்ரேன் வாசித்த டெனர் சாக்ஸபோன் ஒரேயடியாக ஆட்கொண்டுவிட்டது. இனி வாழ்ந்தால் சாக்ஸபோனோடுதான் என்று முடிவு செய்தார். ஆனால் அவருக்கு ஆஸ்துமா இருந்தது. ஊதுகருவிக்குத் தேவையான மூச்சு அவரிடம் இல்லை. இருபதாவது வயதில், வேறு வழியின்றி, கிட்டாரை எடுத்தார்.

அவருடைய இசை முழுவதையும் விளங்கிக்கொள்ள இந்த ஒரு செய்தி போதும் என்பது என் எண்ணம். கிட்டாரில் ஒரு தந்தியை மீட்டியதும் அந்த ஒலி தேயத் தொடங்கிவிடுகிறது. சாக்ஸபோனிலோ மூச்சு உள்ளவரை ஒரே சுரத்தை நிறுத்தலாம், வளர்க்கலாம், பிளிறவும் வைக்கலாம். தேய்ந்து போகும் ஒலியைத் தேயவிடாமல் காப்பதற்கு ஷாராக் வழிகள் தேடினார். வலக்கையால் ஒரே தந்தியை மிக விரைவாக, இடைவெளி தெரியாதபடி, மீண்டும் மீண்டும் தட்டினார்; அப்போது தனித்தனித் தட்டல்கள் மறைந்து ஒரே நீண்ட கதறலாக ஒலி எழும்பியது. தந்தியின் மேல் ஸ்லைடு என்ற, விரலில் மாட்டும் சிறு குழாயை வழுக்கவிட்டுச் சுரத்துக்கும் சுரத்துக்கும் நடுவில் உள்ள இடங்களைத் தொட்டார். ஒலிபெருக்கியை அதன் எல்லை வரை முடுக்கி, கரகரப்பையே தன் குரலாக்கிக்கொண்டார். ஜாஸ் கிட்டார் என்றாலே மென்மையும் பதவிசும் என்றிருந்த அக்காலத்தில் இப்படி வாசித்தவர்கள் அநேகமாக வேறு யாரும் இல்லை.

பெர்க்லி இசைக் கல்லூரியில் சிறிது காலம் படித்த பின் நியூயார்க் நகரத்துக்கு வந்த ஷாராக்கை, கோல்ட்ரேனின் குழுவில் வாசித்துவந்த சாக்ஸபோன் கலைஞர் ஃபாரோ சாண்டர்ஸ் தம்முடன் சேர்த்துக்கொண்டார். 1966 நவம்பரில் பதிவான சாண்டர்ஸின் 'தவ்ஹீத்' என்ற இசைத்தட்டில்தான் அந்தக் கிட்டார் முதன்முதலில் பதிவானது. அதன்பின் அவருக்குச் சோறுபோட்டது, வியப்புக்குரிய வகையில், வெகுமக்களுக்குப் பிடித்தமான புல்லாங்குழல் கலைஞர் ஹெர்பி மானின் குழு. இனிமையான மெட்டு ஒன்று சுகமாகப் போய்க்கொண்டிருக்கும். நடுவில் ஷாராக்கின் முறை வரும். புயல் புகுந்ததுபோல் இருக்கும். அவரை மாற்ற முயலாமல் ஆண்டுக்கணக்கில் உடன் வைத்திருந்ததோடு, அவருடைய முதல் இசைத்தட்டான 'பிளாக் வுமன்' வெளிவரவும் துணை நின்ற ஹெர்பி மானை இந்த இடத்தில் நன்றியோடு நினைத்துப் பார்க்க வேண்டும். 1969இல் வந்த அந்த இசைத்தட்டில் ஷாராக்கின் மனைவி லிண்டா சொற்களே இல்லாமல் பாடுகிறார். ஒரு தாலாட்டு மெல்ல மெல்ல ஒப்பாரியாக மாறுவதுபோல் அந்தக் குரல் ஏறுகிறது. கிட்டார் அதற்குப் பக்கவாத்தியமாக நிற்காமல், இன்னொரு தொண்டையாகவே கூட எழுகிறது.

மைல்ஸ் டேவிஸும் 1970இல் அவரை அழைத்தார். 'ஜாக் ஜான்சன்' இசைத்தட்டின் ஒரு பகுதியில் ஷாராக்கின் கிட்டார் இருக்கிறது. ஆனால் முதலில் வந்த அட்டையில் அவர் பெயர் இல்லை. கைண்ட் ஆஃப் ப்ளூ கேட்டு வாழ்க்கையையே மாற்றிக்கொண்ட ஒருவருக்கு அது எப்படி இருந்திருக்கும் என்று நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனம் கனக்கிறது.

எழுபதுகளின் பிற்பகுதியில் வாய்ப்புகள் வறண்டன. மணவாழ்வும் 1978இல் முறிந்தது. அவர் கார் ஓட்டுநராக வேலை பார்த்தார். மனவளர்ச்சி குன்றிய குழந்தைகளைப் பராமரிக்கும் பணியும் செய்தார்.

அவரைத் தேடிப்பிடித்து மீட்டவர் பேஸ் கிட்டார் கலைஞரும் தயாரிப்பாளருமான பில் லாஸ்வெல். 1986இல் சாக்ஸபோன் கலைஞர் பீட்டர் ப்ராட்ஸ்மான், டிரம்ஸ் கலைஞர் ரொனால்ட் ஷானன் ஜாக்சன், லாஸ்வெல் ஆகியோருடன் சேர்ந்து ஷாராக் 'லாஸ்ட் எக்ஸிட்' குழுவில் வாசித்தார். அதே ஆண்டில் 'கிட்டார்' என்ற தலைப்பிலேயே ஓர் இசைத்தட்டும் வந்தது. அதில் வேறு கலைஞர் ஒருவரும் இல்லை. தாம் வாசித்ததன் மேலேயே தாமே மறுபடி வாசித்துப் பதிந்திருக்கிறார்.

ஆயினும் 1991இல் வந்த 'ஆஸ்க் தி ஏஜஸ்'தான் அவருடைய சிகரம் என்று தயக்கமின்றிச் சொல்வேன். கால் நூற்றாண்டுக்குப் பின் ஃபாரோ சாண்டர்ஸ் மீண்டும் அருகில் நிற்கிறார். டிரம்ஸில் எல்வின் ஜோன்ஸ், அதாவது கோல்ட்ரேனின் புகழ்பெற்ற நால்வர் குழுவுக்குத் தாளம் தந்த அதே கைகள். பேஸ் வாசிக்கும் சார்னெட் மாஃபெட், தவ்ஹீத் பதிவானபோது பிறந்தே இராதவர். 'மெனி மேன்ஷன்ஸ்' என்ற ஒன்பது நிமிட உருப்படியில் சாக்ஸபோனும் கிட்டாரும் ஒரே மெட்டைச் சேர்ந்து எடுக்கும்போது, ஊதுவது யார், மீட்டுவது யார் என்று காது ஒரு கணம் தடுமாறுகிறது. இளமையில் மறுக்கப்பட்ட கருவியை அவர் அந்தக் கணத்தில் வாசித்துவிட்டார் என்றே நான் நம்புகிறேன்.

அதன்பின் அவருக்குக் கிடைத்தது மூன்றே ஆண்டுகள். கார்ட்டூன் நெட்வொர்க்கின் 'ஸ்பேஸ் கோஸ்ட் கோஸ்ட் டு கோஸ்ட்' தொடருக்கு இசையமைத்தார். 1994 ஏப்ரலில் அது ஒளிபரப்பானது. அடுத்த மாத இறுதியில், பிறந்த ஊரான ஆசினிங்கிலேயே, மாரடைப்பால் காலமானார். வயது 53.

ஆஸ்க் தி ஏஜஸில் 'ஹூ டஸ் ஷி ஹோப் டு பி' என்ற மெதுவான உருப்படி ஒன்று உண்டு. புயல் எதுவும் இல்லை. ஒரு சுரத்தை எடுத்து, அது அடங்கும் வரை காத்திருந்து, அடுத்ததைத் தொடுகிறார். நிலையத்தார் இப்போது அதை உங்களுக்காக ஒலிபரப்புகிறார்கள். வணக்கம்.