தெருவை எடுக்க போட்டோவா, வீடியோவா?

சரி, அடுத்த கேள்வி. "தெருவில் கேமராவைத் தூக்கினாலே பேசிக்கொண்டிருப்பவர்கள் பேச்சை நிறுத்திவிடுகிறார்கள். அன்றாட வாழ்க்கையை அப்படியே எடுக்க போட்டோ நல்லதா, வீடியோ நல்லதா?"

இரண்டையும் ஒரே பேட்டையில் செய்து பார்த்த ஒருவரைச் சொல்கிறேன். புகைப்படக்காரர் ஹெலன் லெவிட். 1913-இல் நியூயார்க்கின் புரூக்ளினில் பிறந்தவர். 1937 வாக்கில் பிள்ளைகளுக்கு ஓவியம் சொல்லிக்கொடுக்கப் போனபோது, தரையிலும் சுவரிலும் தெருப் பிள்ளைகள் சாக்பீஸால் கிறுக்கியிருந்ததைப் பார்த்தார். முதலில் கிறுக்கலை எடுத்தார், அப்புறம் கிறுக்கியவர்களை.

உங்களுக்கு இருக்கிற அதே தொல்லை அவருக்கும் இருந்தது. அதற்காகத் தன் லைக்கா கேமராவில் பக்கவாட்டில் பார்க்கிற வியூஃபைண்டர் (கண் வைத்துப் பார்க்கிற துளை) ஒன்றை மாட்டிக்கொண்டார். அவர் தெருக்கோடியைப் பார்ப்பது போல நிற்பார், லென்ஸ் பக்கத்து வாசற்படியைப் பார்த்துக்கொண்டிருக்கும். இது திருட்டுத்தனம் இல்லையா என்றால், எனக்கும் உறுத்தல்தான். அடுக்குமாடிப் புழுக்கம் தாங்காமல் வாசலில் வந்து உட்கார்ந்தவர்களைக் கேட்காமல் எடுத்த படங்கள் அவை. ஆனால் அவற்றில் யாரையும் பார்த்து நமக்கு 'ஐயோ பாவம்' என்று தோன்றாது. அதனால்தான் நான் அவர் பக்கம் சாய்கிறேன்.

1940-களின் நடுவில் ஜானிஸ் லோப், ஜேம்ஸ் ஏஜி என்ற இரண்டு பேரோடு சேர்ந்து, நியூயார்க்கின் கிழக்கு ஹார்லெம் பகுதியில் 16 மி.மீ. சினிமா கேமராவில் ஒரு படம் எடுத்தார். 'இன் த ஸ்ட்ரீட்'. கால் மணி நேரப் படம், வசனம் கிடையாது. அதில் பிள்ளைகள் மாவு நிரப்பிய காலுறையைச் சுழற்றி ஒருவரையொருவர் அடித்துக்கொள்கிற இடம் ஒன்று வரும். இதையே போட்டோவாக எடுத்தால் ஓங்கிய கை ஓங்கியபடியே நிற்கும். விளையாட்டா, சண்டையா என்று நாம்தான் மண்டையைக் குடைந்துகொள்ள வேண்டும். படத்தில் கை இறங்கிவிடுகிறது, மாவு பறக்கிறது, விஷயம் தெரிந்துவிடுகிறது. அந்த மர்மம் போய்விடுகிறது. ஆனால் வயதானவர்கள் நடக்கிற நடை, சும்மா உட்கார்ந்து தெருவைப் பார்க்கிற பார்வை, இதெல்லாம் ஓடுகிற படத்தில்தான் கிடைக்கும்.

ஆகவே, சைகைதான் உங்களை இழுக்கிறது என்றால் போட்டோ. நடையும் நேரம் போகிற விதமும் என்றால் வீடியோ.

கேள்வியில் இல்லாத ஒன்றும் சொல்லிவிடுகிறேன், பேக்கப் எடுத்து வையுங்கள். 1959-இலும் 1960-இலும் கலைஞர்களுக்குக் கொடுக்கிற குகன்ஹைம் உதவித்தொகை வாங்கி அவர் எடுத்த கலர்ப் படங்களில் பெரும்பகுதி 1970-இல் வீடு புகுந்த திருடனோடு போய்விட்டது. மறுபடியும் தெருவில் இறங்கி எடுத்தார். 1974-இல் நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் அவருடைய கலர்ப் படங்களைச் சுவரில் மாட்டாமல் ஸ்லைடுகளாகவே ஓட்டிக் காட்டினார்கள். ஆனால் அதற்குள் தெருவில் பிள்ளைகள் குறைந்துவிட்டார்கள். டிவியும் ஏசியும் எல்லாரையும் உள்ளே கூட்டிப்போய்விட்டன.

பேச்சை நிறுத்துகிறார்கள் என்றீர்களே, 'இன் த ஸ்ட்ரீட்' படத்திலேயே பிள்ளைகள் கேமராவைக் கண்டுபிடித்துவிட்டு, அதன் முன்னால் வந்து கோணங்கி காட்டுவார்கள். அதை வெட்டி எறியவில்லை. நீங்களும் அப்படி எடுத்தவற்றை இப்போதைக்கு அழிக்காமல் வைத்திருங்கள். ஒரு வாரம் கழித்துத் திரும்பப் பாருங்கள்.