2,087 கேள்விகளும் ஒரு பேய்ப் படமும்

நேயர்களுக்கு வணக்கம். யூத மறைஞானமும் நாட்டார் கதைகளும் சினிமாவுக்கு என்ன கொடுத்தன என்று பேச அழைத்திருக்கிறார்கள். பெரிய கடல் இது. நான் ஒரே ஒரு படத்தோடு நின்றுகொள்கிறேன்: 1937இல் போலந்தில், கிழக்கு ஐரோப்பிய யூதர்கள் பேசிய யித்திஷ் மொழியில் வந்த ‘டிப்புக்’.

டிப்புக் என்பது, செத்த பிறகும் போக்கிடம் இல்லாமல் இன்னொருவர் உடம்பில் புகுந்துகொள்ளும் ஆவி. ஆன்மா உடல் விட்டு உடல் மாறும் என்று 16ஆம் நூற்றாண்டில் இன்று இஸ்ரேலில் இருக்கும் சஃபேத் நகரத்தின் கபாலா, அதாவது யூத மறைஞான, ஞானிகள் விரிவாகப் பேசினார்கள். கிழக்கு ஐரோப்பாவின் சிற்றூர்களில் அதுவே பாட்டி சொல்லும் கதையாகிவிட்டது.

அந்தக் கதைகளைத் தேடிப் போனவர் எழுத்தாளர் அன்ஸ்கி. 1912 முதல் 1914 வரை, இன்று உக்ரைனில் இருக்கும் வொலின், பொடோலியா பகுதிகளில் ஒரு குழுவோடு ஊர் ஊராகச் சுற்றினார். மெழுகு உருளையில் பாட்டுகளைப் பதிவு செய்தார்கள். அப்புறம் ஒரு கேள்வித்தாள். 2,087 கேள்விகள்! கருவில் தொடங்கி, செத்த பிறகு என்ன ஆகிறது என்பது வரை. இந்தத் தேடலிலிருந்து பிறந்ததுதான் ‘டிப்புக்’ நாடகம். 1920 நவம்பரில் அன்ஸ்கி காலமானார். அடுத்த மாதம் வார்சாவில் அந்த நாடகம் யித்திஷில் மேடையேறியது. அதுதான் பிறகு படமானது.

கதை எளிது. இரண்டு நண்பர்கள், இன்னும் பிறக்காத பிள்ளைகளுக்குச் சம்பந்தம் பேசிக்கொள்கிறார்கள். ஒருவர் இறந்துபோக, மற்றவர் பணம் வந்ததும் வாக்கை மறந்துவிடுகிறார். இறந்தவரின் மகனான ஏழை மாணவன் கோனன், மற்றவரின் மகள் லேயாவை அடைய விலக்கப்பட்ட மந்திர வழிகளில் இறங்கி உயிரை விடுகிறான்.

லேயாவுக்கு வேறொருவனோடு கல்யாணம். தாயில்லாப் பெண், கல்லறைக்குப் போய் அம்மாவைக் கல்யாணத்துக்கு அழைக்க வேண்டும். லேயா அழைக்கிறாள். கூடவே கோனனையும் அழைத்துவிடுகிறாள். திரும்பி வந்தால், ஊர் ஏழைகள் மணமகளோடு ஆட வேண்டிய சடங்கு. கடைசியில் மண்டையோட்டு முகமூடியோடு மரணமே வந்து அவளோடு ஆடுகிறது. ஆடியவர் யூடித் பெர்க். நடன அமைப்பும் அவருடையதே. பேய் எங்கிருந்தோ திடீரென்று குதிக்கவில்லை, பாருங்கள். கூப்பிட்டதால் வருகிறது. இரண்டுமே ஊரில் வழக்கமாக நடக்கும் சடங்குகள். பயம் அவற்றுக்குள்ளிருந்தே எழுகிறது.

கோனனின் ஆவி லேயாவின் உடம்பில் புகுந்துகொள்கிறது. அதை ஓட்டும் இடம் இன்னும் சுவாரசியம். கோனனின் இறந்துபோன தந்தையை வாதியாக அழைத்து ரப்பி, அதாவது யூத மதகுரு, விசாரணை நடத்துகிறார். வாக்குத் தவறியது யார் என்று கேட்கிறார்கள். ஆவியின் தரப்பு நியாயத்தைக் காது கொடுத்துக் கேட்கும் பேய்ப் படங்கள் எத்தனை இருக்கும், சொல்லுங்கள்?

1920இல் ஜெர்மனியில் வந்த ‘கோலெம்’ இதைவிடப் புகழ்பெற்றது. களிமண் மனிதனுக்கு உயிர் கொடுக்கும் பிராக் நகர ரப்பியின் கதை. ஹன்ஸ் பெல்ட்சிக் அமைத்த கோணல்மாணல் தெருக்கள் கண்ணுக்கு விருந்துதான். ஆனால் ரப்பி அங்கே பெரும்பாலும் ஒரு மந்திரவாதி. அந்த வீடுகளில் ஒரு கல்யாணம் எப்படி நடக்கும் என்பது அந்தப் படத்துக்குத் தெரியாது.

‘டிப்புக்’ இயக்குநர் மிகாவ் வாஷின்ஸ்கிக்குத் தெரிந்திருந்தது. வொலினில் உள்ள கோவெலில் யூதக் குடும்பத்தில் பிறந்து, பிறகு கத்தோலிக்கரானவர் அவர். படம் இரண்டு மணி நேரம் ஓடும். தொடக்கம் மெதுவாகத்தான் போகும். கல்யாணக் காட்சி வரை பொறுத்துக்கொள்ளுங்கள்.