புதிய கைத்துப்பாக்கியும் முதல் ஐம்பது தோட்டாக்களும்

நேயர்களுக்கு வணக்கம்.

தில்லி ஆர்.கே.புரம் மலை மந்திர் முருகன் கோயிலில் கிருத்திகையன்று பிரசாத வரிசையில் நின்றுகொண்டிருந்தபோது, என்னை முப்பது ஆண்டுகளாக அறிந்த ஒரு மாமி, "ஏம்மா, பேங்கிலே கணக்குப் பார்க்கிறவளுக்குத் துப்பாக்கி எதுக்கு?" என்று கேட்டார். அவர் குரலில் கவலையும் கொஞ்சம் ஆவலும் கலந்திருந்தன. கையில் தொன்னையை வைத்துக்கொண்டு அதற்குப் பதில் சொல்ல முடியவில்லை. இன்று வானொலி நிலையம் எனக்குப் பத்து நிமிடம் கொடுத்திருப்பதால் சொல்லிவிடுகிறேன்.

நான் எட்டு ஆண்டுகளாகக் காற்றுத் துப்பாக்கி சுடுகிறவள். பத்து மீட்டர் தொலைவில் இருக்கும் இலக்கை, 4.5 மில்லிமீட்டர் ஈயக்குண்டால் சுடும் விளையாட்டு அது. ஒவ்வொரு குண்டையும் கையால் எடுத்து, குழலின் பின்வாயில் வைத்து, நெம்புகோலை மூடி, பிறகுதான் கையை உயர்த்த வேண்டும். அண்மையில் அதிலிருந்து 25 மீட்டர் பிரிவுக்கு மாறி, பாயிண்ட் டூ டூ என்று எல்லோரும் சொல்லும் 5.6 மில்லிமீட்டர் அரைத் தானியங்கிக் கைத்துப்பாக்கி ஒன்றை வாங்கினேன். எந்த நிறுவனத்தின் தயாரிப்பு என்பது இங்கே முக்கியமன்று.

காற்றுத் துப்பாக்கியிலிருந்து குண்டு வெளிவரும் ஆற்றல் குறிப்பிட்ட அளவுக்குள் இருந்தால் நம் நாட்டில் அதற்கு உரிமம் தேவையில்லை. தோட்டா வெடிக்கும் துப்பாக்கி அப்படியன்று. 1959ஆம் ஆண்டின் ஆயுதச் சட்டப்படி உரிமம் பெற்று, காவல்துறை விசாரணை முடிந்து, துப்பாக்கியின் எண்ணை உரிமத்தில் பதிவு செய்த பிறகுதான் அதைக் கையில் எடுக்க முடியும். 2019ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பிறகு சாதாரணக் குடிமக்கள் வைத்திருக்கக்கூடிய துப்பாக்கிகளின் எண்ணிக்கை மூன்றிலிருந்து இரண்டாகக் குறைந்துவிட்டது. இவற்றையெல்லாம் மாமியிடம் விளக்கியிருந்தால், "இவ்வளவு கஷ்டப்பட்டா வாங்கினே?" என்றுதான் கேட்டிருப்பார்.

அரைத் தானியங்கி என்றவுடன் திரைப்படங்களில் சரமாரியாகச் சுடும் காட்சிதான் பலருக்கு நினைவுக்கு வருகிறது. உண்மையில், விசையை ஒரு முறை அழுத்தினால் ஒரே ஒரு தோட்டாதான் வெடிக்கும். அடுத்த தோட்டாவைக் குழலுக்குள் ஏற்றும் வேலையை மட்டும் துப்பாக்கி தானே செய்துகொள்கிறது. மருந்து எரிந்து உண்டாகும் வாயு, குண்டை முன்னோக்கித் தள்ளும் அதே வேளையில் காலிக்கூட்டைப் பின்னோக்கியும் தள்ளுகிறது. அந்தத் தள்ளலில் பின்னே போகும் இரும்புக் கட்டை காலிக்கூட்டை வலப்பக்கமாக வெளியே எறிந்துவிட்டு, சுருள்வில்லின் உந்தலால் முன்னே திரும்பி வரும்போது மேகசின் எனும் தோட்டாப் பெட்டியின் மேல்தோட்டாவை இழுத்து வந்து குழலில் வைக்கிறது. பெரிய துப்பாக்கிகளில் இருப்பதுபோல கட்டையைக் குழலோடு பிணைக்கும் பூட்டு எதுவும் இதில் கிடையாது. கட்டையின் எடையும் வில்லின் பலமும் தோட்டாவின் வேகமும் ஒன்றுக்கொன்று ஒத்துப்போக வேண்டும். தோட்டா பலவீனமாக இருந்தால் கட்டை முழுத்தூரம் போகாது. காலிக்கூடு வாயிலில் செங்குத்தாக மாட்டிக்கொள்ளும். புதுத் துப்பாக்கி வாங்கியவர்கள் நான்கைந்து வகைத் தோட்டாக்களை வாங்கிச் சோதித்துப் பார்ப்பது இதனால்தான்.

வாங்கியவுடன் நேராக ரேஞ்சுக்கு, அதாவது சுடும் பயிற்சித் திடலுக்கு, ஓடிவிடவில்லை. தொழிற்சாலையில் துரு பிடிக்காமலிருக்கப் பூசிய கெட்டி எண்ணெயைத் துடைத்தெடுக்கவே ஒரு மாலைப்பொழுது ஆயிற்று. கைப்பிடி வால்நட் மரத்தாலானது. அதன் அடியில் உள்ளங்கையைத் தாங்கும் பலகையை மேலும் கீழும் நகர்த்தலாம். ஆனாலும் சுண்டுவிரல் இடித்த இடத்தில் அரம் போட்டு, உப்புத்தாள் தேய்த்து, மறுபடி பிடித்துப் பார்த்து, மறுபடி தேய்த்தேன். கைக்குப் பொருந்தாத கைப்பிடியைக் கொண்டு எவ்வளவு நல்ல குழலையும் வீணாக்கலாம் என்பது என் உறுதியான கருத்து. பிறகு ஒரு வாரம், தோட்டா எதுவும் இல்லாத அறையில், போலித்தோட்டா வைத்து, வெள்ளைச் சுவரைப் பார்த்து விசை அழுத்திப் பழகினேன். போலித்தோட்டா ஏன் என்றால், இந்த வகைத் தோட்டாவில் வெடிமருந்துத் தூண்டி அடிப்பகுதியின் விளிம்பில் இருக்கிறது. ஆகவே தட்டும் ஊசியும் விளிம்பைத்தான் தட்டும். தோட்டா இல்லாமல் வெறுமனே சுட்டால் ஊசி குழலின் பின்வாய் ஓரத்தை அடித்து நசுக்கிவிட இடமுண்டு.

ஜனவரி மாதத்து ஞாயிறு ஒன்றில், பனிமூட்டம் விலகும் வரை காத்திருந்து, துக்ளகாபாத் கோட்டையைத் தாண்டி டாக்டர் கர்ணி சிங் ரேஞ்சுக்குப் போனேன். 1982ஆம் ஆண்டு ஆசிய விளையாட்டுப் போட்டிக்காகக் கட்டப்பட்ட இந்த ரேஞ்ச், பிகானேர் மன்னர் குடும்பத்தைச் சேர்ந்தவரும் ஐந்து ஒலிம்பிக் போட்டிகளில் சுட்டவருமான கர்ணி சிங்கின் பெயரைத் தாங்குகிறது. அங்கே நுழைந்ததும் துப்பாக்கியைப் பெட்டியிலிருந்து எடுக்கும் முறையே ஒரு சடங்குபோல இருக்கும். குழல் எப்போதும் இலக்குத் திசையில், மேகசின் தனியே, வெடிக்கும் அறையில் ஆரஞ்சு நிறப் பாதுகாப்புக் கொடி, விரல் விசைக்கு வெளியே. காதுக்கும் கண்ணுக்கும் காப்பு அணியாமல் சுடும் கோட்டுக்குப் பக்கத்தில் யாரும் நிற்க முடியாது.

இந்தப் பிரிவில் விசையை அழுத்தத் தேவைப்படும் எடை 1,000 கிராமுக்குக் குறையக் கூடாது என்பது விதி. காற்றுத் துப்பாக்கியில் அது 500 கிராம். எட்டு ஆண்டுகள் பாதி எடைக்குப் பழகிய என் ஆள்காட்டி விரலுக்கு இது புது ஊர். குறிபார்ப்பதற்காகத் துப்பாக்கியின் மேல் இருக்கும் முன்குறிக்கும் பின்குறிக்கும் இடையே அதிகபட்சம் 220 மில்லிமீட்டர் இருக்கலாம். இவை இரண்டும் நேராக நிற்பதில் ஒரே ஒரு மில்லிமீட்டர் பிசகினால், 25 மீட்டருக்கு அப்பால் குண்டு ஏறத்தாழ 11 சென்டிமீட்டர் விலகிவிடும். துல்லியச் சுற்றில் இலக்கின் நடுவிலிருக்கும் பத்தாம் வளையத்தின் விட்டம் வெறும் 5 சென்டிமீட்டர். ஆகையால் கண் முன்குறியில்தான் நிலைக்க வேண்டும். இலக்கின் கறுப்பு வட்டம் மங்கலாகத் தெரிந்தால் போதும்.

முதல் ஐந்து தோட்டாக்களும் இடப்பக்கம் கீழே, ஏழாம் எட்டாம் வளையங்களில் கூட்டமாக விழுந்தன. பின்குறியைத் திருகலாமா என்று கை துடித்தது. வலக்கையால் சுடுகிறவர் விசையை அழுத்தாமல் இழுத்துப் பறித்தால் குண்டு அங்கேதான் போகும் என்று தெரிந்திருந்ததால் திருகவில்லை.

அடுத்த மேகசினில், மூன்றாவது தோட்டாவுக்குப் பிறகு துப்பாக்கி நின்றுவிட்டது. கொடுத்த பணமும் காத்திருந்த மாதங்களும் மனத்தில் ஓட, வாய்விட்டே திட்டிவிட்டேன். பக்கத்துக் கோட்டில் பயிற்சி செய்துகொண்டிருந்த, மயூர் விஹாரிலிருந்து வரும் கல்லூரித் தம்பி, குழலை இலக்கை நோக்கியே வைத்துக்கொள்ளச் சொல்லிவிட்டு, "ஆன்ட்டி, துப்பாக்கியைத் திட்டாதீங்க, மேகசினைக் கழற்றிப் பாருங்க" என்றான். பார்த்தால், மேல்தோட்டாவின் விளிம்பு கீழ்த்தோட்டாவின் விளிம்புக்குப் பின்னால் சிக்கி, முன்னே நகர முடியாமல் நின்றிருந்தது. விளிம்புள்ள தோட்டாக்களை அடுக்கும்போது ஒவ்வொன்றின் விளிம்பும் தனக்குக் கீழே உள்ளதற்கு முன்னால் இருக்க வேண்டும். குளிரில் விறைத்த விரல்களால் அவசரமாக அடுக்கியவள் நான்தான்.

இயந்திரம் சுடுகிறவரைக் கைவிடுவதும் உண்டு என்பதை மறுக்கவில்லை. 2021இல் டோக்கியோ ஒலிம்பிக்கில் இந்திய வீராங்கனை மனு பாக்கரின் காற்றுத் துப்பாக்கியின் நெம்புகோல் போட்டியின் நடுவே உடைந்து, விலைமதிப்பற்ற நிமிடங்கள் போயின. 2024இல் பாரிஸில் அவர் இரண்டு வெண்கலப் பதக்கங்கள் வென்றார், 25 மீட்டரில் நான்காவதாக வந்தார். என் கதை அவ்வளவு பெரியதன்று. மேகசினை ஒழுங்காக அடுக்கியபின் துப்பாக்கி ஒரு முறைகூட நிற்கவில்லை.

இருபது, இருபத்தைந்து தோட்டாக்கள் ஆனபோதுதான் என்னை உண்மையில் கெடுப்பது எது என்று புரிந்தது. காற்றுத் துப்பாக்கியில் ஒவ்வொரு குண்டையும் கையால் வைக்க வேண்டியிருந்ததால், எட்டு ஆண்டுகளாக என் கை தானாகவே கீழே இறங்கியது, மூச்சு சீரானது, முந்தைய குண்டின் எரிச்சல் மறந்தது. அந்த இடைவெளியை நான் என் பொறுமை என்று எண்ணிப் பெருமைப்பட்டிருக்கிறேன். அது நெம்புகோல் கொடுத்த பொறுமை. இங்கே குண்டு போன கணத்திலேயே துப்பாக்கி அடுத்ததற்குத் தயாராகிவிடுகிறது, நான்தான் தயாராகவில்லை. விரல் விசையிலேயே இருக்க, கை மேலேயே நிற்க, சலிப்போடு அடுத்ததையும் அனுப்பிவிடுகிறேன். துல்லியச் சுற்றில் ஐந்து தோட்டாக்களுக்கு ஐந்து நிமிடம் தருகிறார்கள். நான் ஒன்றரை நிமிடத்தில் முடித்துக்கொண்டிருந்தேன்.

கடைசி இருபது தோட்டாக்களுக்கு ஒரு விதி வைத்துக்கொண்டேன். ஒவ்வொரு தோட்டாவுக்கும் பிறகு விரலை வெளியே எடுத்து, கையை மேசைக்கு இறக்கி, இல்லாத ஒரு குண்டை இடக்கையால் எடுத்து வைப்பதுபோல ஒரு பாவனை. தம்பி சிரித்துக்கொண்டே பார்த்தான். ஆனால் கூட்டம் மெல்ல மெல்ல நடுவை நோக்கி ஏறியது. கடைசி ஐந்தில் இரண்டு பத்து, இரண்டு ஒன்பது, ஒன்று மறுபடியும் இடப்பக்கம் எட்டு. அந்த எட்டு, பாவனையை மறந்துவிட்டுச் சுட்டது.

பின்குறியை அன்று கடைசிவரை தொடவில்லை. மேகசினைக் கழற்றி, அறை காலி என்பதை அதிகாரியிடம் காட்டி, கொடியைச் செருகிப் பெட்டியை மூடினேன். ஈயத்தூள் போக வேண்டுமென்று அந்த ஜனவரிக் குளிர்நீரில் இரண்டு முறை சோப்புப் போட்டுக் கை கழுவிவிட்டு, குறிப்பேட்டில் தோட்டாவின் வகையையும், 50 என்ற எண்ணையும், அதற்குக் கீழே "விரலை எடு" என்பதையும் எழுதினேன்.