ஒரு நாழிக்கு 14,400 நெல்: எண்ணித்தான் சொன்னார்களா?

வணக்கம். முகத்தல் அளவைகளைப் பற்றிய காணொளியைப் பார்த்துவிட்டு நேயர் ஒருவர் கேட்டிருக்கிறார்: "பழைய வாய்பாட்டின்படி ஒரு நாழிக்கு 14,400 நெல் வருகிறதே, முன்னோர் இதை எண்ணித்தான் சொன்னார்களா? எண்ணாமலே நாம் சரிபார்க்க வழி உண்டா?"

முதல் பாதிக்கு விடை வாய்பாட்டுக்குள்ளேயே இருக்கிறது. 360 நெல் ஒரு செவிடு, ஐந்து செவிடு ஓர் ஆழாக்கு, இரண்டு ஆழாக்கு ஓர் உழக்கு, இரண்டு உழக்கு ஓர் உரி, இரண்டு உரி ஒரு நாழி. பெருக்கிப் பாருங்கள், 14,400 வந்துவிடும். நாழி நெல்லைப் பாயில் கொட்டி யாரும் எண்ணியிருக்க வேண்டியதில்லை. செவிடு வரை எண்ணினால் போதும். அந்த 360-ம் இரண்டு முதல் ஆறு வரை எல்லா எண்களாலும் மீதியில்லாமல் வகுபடுகிற, கணக்குக்கு வாகான எண். ஆகவே, "ஒரு நெல்கூடப் பிசகாமல் எண்ணி வைத்தார்கள்" என்று கைபேசியில் சுற்றும் செய்தியை நான் நம்பமாட்டேன். ஆனால் சிறியதை எண்ணிக்கொண்டு, படிப்படியாகப் பெரியதற்கு ஏறுகிற வழி இருக்கிறதே, அது அருமையான வழி. ஆர்க்கிமிடீஸ் செய்ததும் அதுதான். ஒரு கசகசா அளவு இடத்தில் 10,000 மணலுக்கு மேல் கொள்ளாது என்று வைத்துக்கொண்டு தொடங்கினார். அண்டம் முழுவதையும் மணலால் நிரப்பினாலும் ஒன்றுக்குப் பின் 63 சுழியம் போட்ட எண்ணைத் தாண்டாது என்ற முடிவுக்கு வந்து சேர்ந்தார்.

இனி, எண்ணாமல் சரிபார்ப்பது. ஒரு லிட்டர் என்பது பத்து லட்சம் கன மில்லிமீட்டர். நடுத்தர நெல் ஒன்று ஏறத்தாழ 20 கன மில்லிமீட்டர் இருக்கும். வகுத்தால் 50,000. பலர் இங்கேயே நிறுத்திவிடுகிறார்கள். நெல் தண்ணீர் இல்லையே! ஒன்றோடொன்று முட்டிக்கொண்டு, இடையில் சந்து விட்டுத்தான் உட்காரும். ஒரே அளவான உருண்டைகளை எவ்வளவு சாமர்த்தியமாக அடுக்கினாலும் இடத்தில் சுமார் 74 விழுக்காட்டுக்கு மேல் நிரப்ப முடியாது. இதைக் கெப்ளர் 1611-இல் சொன்னார். தாமஸ் ஹேல்ஸ் 1998-இல் நிரூபணத்தை அறிவிக்கும் வரை கிட்டத்தட்ட நானூறு ஆண்டு அது ஊகமாகவே கிடந்தது. அடுக்காமல் கொட்டிக் குலுக்கினால் 64 விழுக்காடுதான். நெல்லோ நீளமானது, உமி சொரசொரப்பானது, வழுக்கிப்போய்ச் சந்தில் விழாது. பாத்திரத்தில் ஏறக்குறைய பாதி காற்றுதான். ஆக, லிட்டருக்கு 25,000 நெல்.

சந்தேகம் இருந்தால் தராசில் பார்த்துக்கொள்ளலாம். வேளாண் துறையினர் 'ஆயிரம் மணி எடை' என்று ஒன்று வைத்திருக்கிறார்கள். ரகத்துக்கு ரகம் மாறும். நடுத்தர ரகத்துக்கு 22 கிராம் என்று கொள்வோம். ஒரு லிட்டர் நெல் 550, 570 கிராம் நிற்கும். வகுத்தால் மறுபடியும் 25,000-க்குப் பக்கத்திலேயே வருகிறது. இரண்டு வழியில் போய் ஒரே இடத்தில் வந்து நின்றால் கணக்கை நம்பலாம்.

அப்படியானால் 14,400 நெல் அரை லிட்டருக்குச் சற்று மேல்தான். ஆனால் வீடுகளில் கிடக்கும் பட்டணம் படி ஒன்றரை லிட்டருக்கு மேல் பிடிக்கும். அதில் 40,000 நெல் போகும். நாழியும் படியும் ஒன்றே என்று பல புத்தகங்களில் அச்சிட்டிருக்கிறார்கள். வாய்பாட்டின் நாழியை இந்தப் படியோடு ஒன்றாக்கினால் நெல் கிட்டத்தட்ட மூன்று மடங்கு உதைக்கும். ஊருக்கு ஊர் படி மாறியது. பெயர் மட்டும் மாறவில்லை. சீரகச் சம்பாவைப் போட்டு அளந்தால் எண்ணிக்கை இன்னும் ஏறும், மாப்பிள்ளைச் சம்பா என்றால் இறங்கும். இதில் எந்த நெல் 'வாய்பாட்டு நெல்' என்று சண்டை போடுவதில் பயனில்லை.

அளக்கிற கையும் கணக்கை மாற்றும். படியில் நெல்லை மெல்லக் கொட்டி நிரப்பிவிட்டு, பக்கத்தில் இரண்டு தட்டுத் தட்டுங்கள். விளிம்போடு நின்ற நெல் கீழே இறங்கிவிடும், இன்னும் ஒரு பிடி கொள்ளும். தலைதட்டி அளப்பது வேறு, குவித்து அளப்பது வேறு. 12 சென்டிமீட்டர் வாயகலம் உள்ள படியில் நெல் தானாகச் சரிந்து நிற்கிற கூம்பு மட்டும் சுமார் 160 மில்லிலிட்டர் வரும். அதாவது 4,000 நெல். வாங்கும்போது குவித்தும் கொடுக்கும்போது தலைதட்டியும் அளப்பவருக்குப் படிக்கு இவ்வளவு லாபம்.

சரி, அடுத்த கேள்வி மரக்கால் பற்றியது.