கல்லீரல் சோர்ந்தால் மூளை ஏன் தடுமாறுகிறது?

வானொலி நேயர்களுக்கு வணக்கம்.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு பெரியவரை அவருடைய மகன் என்னிடம் அழைத்து வந்தார். ஓய்வூதியப் பணம் எடுக்க வங்கியில் கொடுத்த சீட்டு, கையெழுத்து ஒத்துப்போகவில்லை என்று இரண்டு முறை திரும்பிவிட்டதாம். இரவெல்லாம் விழித்திருக்கிறார், பகலில் சாப்பாட்டுத் தட்டின் முன்பே கண்ணயர்கிறார், சட்டைப் பொத்தான்களை மாற்றிப் போட்டுக்கொள்கிறார் என்று மகன் ஒவ்வொன்றாகச் சொன்னார். வயதாகிவிட்டதால் வந்த மறதி என்பது அவருடைய எண்ணம்; மறைவாகக் குடிக்கத் தொடங்கிவிட்டாரோ என்பது அம்மாவின் சந்தேகம். தூக்கத்துக்கு ஒரு மாத்திரை எழுதித் தந்தால் போதும் என்றார்கள். பையிலிருந்த பழைய மருந்துச் சீட்டுகளைப் புரட்டியபோதுதான், அவருக்கு ஐந்தாண்டுகளாக சிரோசிஸ் எனப்படும் கல்லீரல் சுருக்க நோய் இருப்பது தெரியவந்தது. அவர்கள் கேட்ட மாத்திரையை நான் எழுதியிருந்தால், அன்றிரவே அவர் நினைவிழந்திருக்கக்கூடும்.

அவருக்கு இருந்தது மறதி நோயும் அல்ல, போதையும் அல்ல. கல்லீரல் தன் வேலையைச் செய்ய முடியாமல் போனதால் மூளையில் ஏற்பட்ட தடுமாற்றம் அது; மருத்துவர்கள் ஹெப்பாட்டிக் என்செபலோபதி என்பார்கள்.

வயிற்றுக்குள் இருக்கும் உறுப்பின் நோய் தலைக்குள் எப்படிப் போய்ச் சேருகிறது? கல்லீரலுக்கு வரும் இரத்தத்தில் ஏறக்குறைய முக்கால் பங்கு, குடலிலிருந்தும் மண்ணீரலிலிருந்தும் போர்ட்டல் சிரை வழியாக வருகிறது. நாம் உண்ட புரதத்தைக் குடலிலுள்ள நுண்ணுயிரிகள் சிதைக்கும்போது அம்மோனியா உண்டாகிறது; குடற்சுவரின் செல்களும் தம் பங்குக்கு அதை உண்டாக்குகின்றன. நலமான கல்லீரல் இந்த அம்மோனியாவைப் பிடித்து, தீங்கற்ற யூரியாவாக மாற்றிச் சிறுநீரகத்துக்கு அனுப்பிவிடும். இந்த வேதிச் சுழற்சியை ஹான்ஸ் கிரெப்ஸும் கர்ட் ஹென்சலைட்டும் ஜெர்மனியில் 1932-இல் கண்டறிந்தார்கள். சுருங்கித் தழும்பேறிய கல்லீரலில் செல்கள் குறைந்துவிடுகின்றன என்பதோடு, இரத்தம் உள்ளே புக முடியாமல் பக்கவாட்டுக் குழாய்களைத் தேடிக்கொண்டு, சுத்தப்படாமலேயே பொது இரத்த ஓட்டத்தில் கலந்துவிடுகிறது என்பதும் உண்டு.

மூளைக்கு அந்த யூரியா சுழற்சி முழுமையாகக் கிடையாது. நரம்பு செல்களைச் சூழ்ந்து பராமரிக்கும் ஆஸ்ட்ரோசைட் என்ற நட்சத்திர வடிவ செல்கள், வந்த அம்மோனியாவை குளூட்டமேட்டுடன் சேர்த்து குளூட்டமைனாக மாற்றித் தம்முள் வைத்துக்கொள்கின்றன. குளூட்டமைன் சேரச் சேர, அது தண்ணீரை உள்ளிழுத்து அந்த செல்களை வீங்கச் செய்கிறது. நோய் மெல்ல வந்தால், ஆஸ்ட்ரோசைட்டுகள் வேறு சில பொருள்களை வெளியேற்றி ஓரளவு சமாளித்துக்கொள்கின்றன. ஆகையால் சிரோசிஸ் நோயாளிக்கு வருவது பெரும்பாலும் மந்தமும் குழப்பமும்தான். மாறாக, மஞ்சள் காமாலைக் கிருமியாலோ, அளவு மீறிய பாரசிட்டமாலாலோ, எலி மருந்தாலோ சில நாள்களில் கல்லீரல் முழுவதும் செயலிழக்கும்போது, சமாளித்துக்கொள்ள மூளைக்கு அவகாசமே இல்லை. விரிந்துகொடுக்காத மண்டையோட்டுக்குள் மூளை வீங்கி அழுத்தம் ஏறுகிறது. அது உயிருக்கே ஆபத்து. இரண்டும் ஒரே பெயரால் அழைக்கப்பட்டாலும், முந்தையதில் பெரும்பாலானோரை மருந்தால் மீட்கலாம். பிந்தையதில் மாற்றுக் கல்லீரலுக்காகக் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருக்க நேரிடும்.

அம்மோனியா மட்டுமே காரணம் என்றும் சொல்லிவிட முடியாது. இரத்தத்தில் அதன் அளவும் நோயாளியின் தெளிவும் பல நேரங்களில் ஒத்துப்போவதில்லை. உடலில் கிருமித்தொற்று இருந்தால் குறைந்த அம்மோனியாவே பெரிய குழப்பத்தை உண்டாக்குகிறது. பித்தத்தோடு வெளியேற வேண்டிய மாங்கனீசும் மூளையின் ஆழத்தில் தங்கி, எம்.ஆர்.ஐ. படத்தில் வெண்மையாகத் தெரிகிறது.

அந்தப் பெரியவரை இரு கைகளையும் முன்னால் நீட்டி, உள்ளங்கை எனக்குத் தெரியும்படி மணிக்கட்டை மேல்நோக்கி மடக்கச் சொன்னேன். சில விநாடிகளில் கைகள் சட்டென்று தாழ்ந்து, உடனே நிமிர்ந்தன. பறவை இறகடிப்பது போலத் தோன்றும் இதைப் பலர் நடுக்கம் என்று நினைக்கிறார்கள். உண்மையில் தசையின் பிடிமானம் கணநேரம் விட்டுப்போவதே இது.

எல்லோரிடமும் நோய் இவ்வளவு வெளிப்படையாகத் தெரியாது. முதற்கட்டத்தில் பேச்சு சீராகவே இருக்கும். தூக்கம் மட்டும் இரவு பகல் மாறிவிடும், கூட்டல் கழித்தல் பிசகும், எரிச்சல் கூடும். மருத்துவரின் அறையில் ஐந்து நிமிடம் உட்கார்ந்திருப்பவரிடம் இதைக் கண்டுபிடிப்பது கடினம். கூடவே வாழும் மனைவியோ மகளோதான் முதலில் காண்கிறார்கள் என்பதால், அவர்கள் சொல்வதையே நான் பெரிதும் நம்புகிறேன். ஒரு நிமிடத்துக்குள் எத்தனை விலங்குகளின் பெயரைச் சொல்கிறார் என்று எண்ணிப் பார்ப்பது எளிய சோதனை. பத்தைத் தாண்ட முடியாவிட்டால் மருத்துவரிடம் காட்ட வேண்டும். பெரியவரின் வீட்டில் ஒரு நோட்டுப் புத்தகத்தில் தினமும் தேதி போட்டுக் கையெழுத்திடச் சொன்னோம். எழுத்து சாயத் தொடங்கும் நாளை அம்மாவே கண்டுகொள்வார்.

அடுத்து நாங்கள் தேடுவது, இப்போது இது ஏன் வந்தது என்பதை. மலச்சிக்கல், கிருமித்தொற்று, வயிற்றுநீரை வடிக்கத் தரும் மாத்திரை அதிகமாகி உடல் வறண்டுபோதல், பொட்டாசியம் குறைதல், தூக்க மாத்திரை, உணவுக்குழாயில் இரத்தக்கசிவு எனக் காரணம் பெரும்பாலும் கைக்கு அகப்பட்டுவிடும். குடலுக்குள் கசியும் இரத்தமும் புரதம்தான். மலம் தார்போல் கறுத்துப் போனால் காத்திருக்கலாகாது. பெரியவருக்கு நான்கு நாள்களாக மலம் போகவில்லை. அதை யாரும் ஒரு பொருட்டாகக் கருதவில்லை.

மருந்து லாக்டுலோஸ் என்ற இனிப்பான சிரப். உடலில் சேராத இந்தச் சர்க்கரையைப் பெருங்குடலின் நுண்ணுயிரிகள் அமிலமாக்குகின்றன. அமிலச் சூழலில் அம்மோனியா இரத்தத்துக்குள் நுழைய முடியாத வடிவத்துக்கு மாறி, மலத்தோடு வெளியேறுகிறது. 1966 முதல் இந்நோய்க்குப் பயன்பட்டுவரும் இந்த மருந்தை, மலச்சிக்கல் மருந்துதானே, இப்போது சரியாகப் போகிறதே என்று நிறுத்திவிட்டு மீண்டும் குழப்பத்தோடு வருபவர்கள் ஏராளம். நாளுக்கு இரண்டு மூன்று முறை இளகிய மலம் போகும் அளவே சரியான அளவு. அதற்கு மேல் பேதியானால் உடல் வறண்டு நோய் திரும்பும். இந்தக் குழப்பம் அடிக்கடி வருபவர்களுக்கு, குடலிலுள்ள நுண்ணுயிரிகளைக் கட்டுப்படுத்தும் ரிஃபாக்ஸிமின் மாத்திரையும் சேர்க்கிறோம்.

உணவைப் பற்றி எங்கள் துறையே நீண்டகாலம் ஒரு தவறு செய்தது. 1893-இல் ரஷ்ய உடலியல் அறிஞர் பாவ்லோவும் அவருடன் பணியாற்றியவர்களும், போர்ட்டல் இரத்தம் கல்லீரலுக்குப் போகாதபடி திருப்பிவிடப்பட்ட நாய்கள் இறைச்சி தின்றதும் தள்ளாடி மயங்கியதைப் பதிவு செய்தார்கள். அந்த நாய்களை மனத்தில் வைத்து, பல பத்தாண்டுகள் மனிதர்களுக்கும் புரதத்தை வெட்டினோம். நம் ஊர் மஞ்சள் காமாலைப் பத்தியம் வேறு இதற்குத் துணைநின்றது. ஆனால் 2004-இல் பார்சிலோனாவில் செய்த ஆய்வில், புரதத்தைக் குறைத்ததால் நோயாளிகள் விரைவில் தெளியவில்லை. அவர்களின் தசைதான் அதிகம் கரைந்தது. கல்லீரல் கைவிட்டபின் அம்மோனியாவை வாங்கிக்கொள்ளும் அடுத்த இடம் தசை. அதைக் கஞ்சியும் மோருமாகப் பட்டினி போட்டுக் கரைப்பது, இருக்கிற வழியையும் அடைப்பதாகும். கிலோ எடைக்கு 1.2 முதல் 1.5 கிராம் புரதம் இவர்களுக்கு வேண்டும். பருப்பு, பயறு, தயிர் தாராளமாகத் தரலாம். உண்ணும் பழக்கமுள்ளவர்களுக்கு முட்டையும் மீனும் ஆகும். வயிற்றில் நீர் கோத்தவர்களுக்கு உப்பைக் குறைப்பது மட்டும் சரியே. இரவு முழுவதும் வெறும் வயிறாக இருப்பது, இவர்களின் உடலுக்கு, நலமானவர் இரண்டு மூன்று நாள் பட்டினி கிடப்பதற்கு ஒப்பானது. எனவே படுக்கும் முன் ஏதேனும் சாப்பிட வேண்டும்.

பெரியவர் நான்காம் நாள் தெளிந்தார். இருசக்கர வாகனம் ஓட்டுவதை மட்டும் நிறுத்தச் சொன்னோம். வெளியே தெரியாத அளவு தடுமாற்றத்திலும் பிரேக் பிடிக்கும் கை தாமதிக்கும் என்று விளக்கியபோது, அவருக்கு என்மேல் கோபம்தான்.

வீட்டில் இத்தகைய நோயாளி இருந்து, ஒருநாள் கூப்பிட்டால் தாமதித்துப் பதில் சொல்கிறார், இடமும் நாளும் தெரியாமல் பேசுகிறார் என்றால், விடியட்டும் என்று இருக்க வேண்டாம். அரைமயக்கத்தில் இருப்பவரின் வாயில் பழச்சாறோ சிரப்போ ஊற்றக்கூடாது. புரையேறி நுரையீரலுக்குப் போய்விடும். ஒருக்களித்துப் படுக்கவைத்து, சாப்பிட்டுவரும் எல்லா மாத்திரைகளையும் ஒரு பையில் போட்டு எடுத்துக்கொண்டு மருத்துவமனைக்குக் கிளம்புங்கள். கடைசியாக மலம் போனது எப்போது என்று அங்கே கேட்பார்கள். அதையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

நன்றி, வணக்கம்.